‘சகோதரரே’ என்றால் நாங்களும் அடக்கமாம்

1

எங்கள் தமிழ்க் கிறிஸ்தவ சபையின் ஆண்டு விழா என்றால் பிரியாணியா, சாம்பார் சாதமா என்று ஒரு மாதத்துக்கு முன்பே சண்டை தொடங்கிவிடும். இந்த வருடம் சாப்பாட்டில் ஒரு தகராறும் இல்லை. தகராறு முழுக்க ஒரே ஒரு சொல்லில் வந்து உட்கார்ந்துகொண்டது. எழுதினால் கொஞ்சம் ஆறும் என்று நினைத்துத்தான் உட்கார்ந்தேன். முதல் பத்தியிலேயே கோபம் ஏறுகிறது. ஆறுகிற மாதிரித் தெரியவில்லை.

நான் ராஜபாளையத்துக்காரி. பெயர் ரூபி. கல்யாணமாகி இங்கிலாந்துக்கு வந்து இருபது வருடத்துக்கு மேலாகிறது. கவென்ட்ரியில் ஓர் ஆஸ்பத்திரியில் ரத்தம் எடுக்கிற வேலை. வந்த புதிதில் ஒரு வயதான அம்மாவை நம் ஊர்ப் பழக்கத்தில் ‘ஆன்ட்டி’ என்று கூப்பிட்டுவிட்டேன். அந்த அம்மா, தான் எனக்கு எந்த வகையில் அத்தை என்று கேட்டுவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். அன்றைக்கே மேலதிகாரி என்னைத் தனியாகக் கூப்பிட்டுப் பாடம் எடுத்தார். நோயாளி யாராக இருந்தாலும், உங்களை எப்படிக் கூப்பிடட்டும் என்று முதலில் கேட்க வேண்டுமாம். ஊசியெல்லாம் அப்புறம்தானாம். அன்று எனக்கு அது வெள்ளைக்காரர்களின் வீண் சம்பிரதாயமாகப் பட்டது. இப்போது அப்படிப் படவில்லை. தினமும் முன்பின் தெரியாத ஆட்களிடம் நான் அந்தக் கேள்வியைக் கேட்கிறேன். என்னிடம் அதைக் கேட்காத ஒரே இடம் எங்கள் சபைதான்.

2

ஞாயிறு மதியம் எங்கள் தமிழ் ஆராதனை. சொந்தக் கோயில் கிடையாது. ஓர் ஆங்கிலச் சபை தன் கோயிலையும் அதை ஒட்டிய ஹாலையும் எங்களுக்கு வாடகைக்குத் தருகிறது. தருகிறது என்றால், நிபந்தனைகளோடு தருகிறது. ஆறு மணிக்குள் காலி செய்ய வேண்டும். திரைச்சீலையில் மசாலா வாசம் ஏறக்கூடாது. முந்திரி சேர்த்த பாத்திரத்தின் மேல் ‘இதில் முந்திரி இருக்கிறது’ என்று எழுதி ஒட்ட வேண்டும். சாப்பாட்டைத் தொடுகிற ஆட்கள் இணையத்தில் சுகாதாரப் பயிற்சி எடுத்துச் சான்றிதழ் காட்ட வேண்டும்.

எங்கள் கமிட்டியில் இருப்பவர்கள் எல்லாரும் ஆண்கள். சான்றிதழ் எடுத்தவர்கள் எல்லாரும் பெண்கள். கேட்டால், யாரும் திட்டம் போட்டுச் செய்யவில்லை, தானாக அப்படி அமைந்துவிட்டது என்கிறார்கள். கோழிக்கறியை எந்தச் சூட்டில் வைக்க வேண்டும் என்று கம்ப்யூட்டர் முன்னால் உட்கார்ந்து பரீட்சை எழுதியது நான். அதென்ன தானாக அமைவது?

இதில் என் வயிற்றெரிச்சலைக் கிளப்புவது ஒன்று உண்டு. நம் பக்கத்துக் கோயில்களில் பண்டிகை முடிந்து ஊருக்கே போடுகிற அசனச் சாப்பாட்டை யார் பொங்குகிறார்கள்? விடியக்காலமே கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு அண்டாவோடு மல்லுக்கட்டுவது ஆண்கள்தான். எங்கள் அப்பா மில்லில் ஷிப்ட் முடித்த கையோடு வந்து அடுப்புப் பக்கம் நிற்பார். இலை போடுவது, வாளி தூக்குவது, எச்சில் இலை எடுப்பது எல்லாம் அவர்கள்தான். நாங்கள் பட்டுச்சேலை கசங்காமல் பந்தியில் உட்கார்ந்துகொண்டு, “அண்ணாச்சி, இங்கிட்டுக் கொஞ்சம் சாம்பார் ஊத்துங்க” என்று அதிகாரமாகக் கேட்போம். அந்தப் பக்கத்து ஊர்களிலிருந்துதான் எங்கள் கமிட்டிக்காரர்களில் பாதிப் பேர் வந்திருக்கிறார்கள். அச்சடித்த பைபிளைப் பத்திரமாகப் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்தவர்களுக்குச் சாம்பார் வாளியைக் கொண்டுவர மட்டும் மறந்துவிட்டது.

3

என் மகள் ஷெரின் கல்லூரியில் படிக்கிறாள். ஹைஸ்கூல் கடைசி வருடங்களிலேயே தமிழ் ஆராதனைக்கு வருவதை நிறுத்திவிட்டாள். “அம்மா, அங்க எனக்கு ஒண்ணுமே புரியல, சும்மா உக்காந்திருக்கேன்” என்றாள். நானும் அடித்துப் பார்க்கவில்லை, அணைத்துத்தான் பார்த்தேன். வரவில்லை. வீட்டில் நான் தமிழில் கேட்பேன், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். புலம்பெயர்ந்த வீடுகளில் இது புதிய கதை இல்லை. ஆனாலும் அவரவர் வீட்டில் நடக்கும்போது புதிதாகத்தான் வலிக்கிறது.

போன கிறிஸ்துமஸுக்கு ஊருக்குப் போனபோது ஒரு மாற்றம் வந்தது. என் அக்கா கிரேஸ் அங்கே சபை ஊழியர். நம் பக்கத்தில் ‘பைபிள் உமன்’ என்பார்கள். வீடு வீடாகப் போய்ப் பெண்களோடு உட்கார்ந்து வேதம் வாசித்து, ஜெபித்து, அவர்கள் சொல்கிற பாரத்தையெல்லாம் கேட்டுவிட்டு வருகிற வேலை. ஸ்ரீவில்லிபுத்தூரில் பஸ் ஏறி சுந்தரபாண்டியம், கான்சாபுரம் என்று தினம் ஒரு பக்கம் போவாள். ஒரு நாள் ஷெரினும் பெரியம்மாவோடு கான்சாபுரத்துக்குப் போனாள். வயலில் களை எடுத்துவிட்டு வந்த பெண்கள் ஒரு வீட்டில் கூடியிருக்கிறார்கள். அக்கா வேதத்திலிருந்து ஒரு நிருபத்தை, அந்தக் காலச் சபைகளுக்கு எழுதிய கடிதத்தை, வாசித்திருக்கிறாள். அச்சில் ‘சகோதரரே’ என்று வருகிற இடங்களில் எல்லாம் புத்தகத்திலிருந்து கண்ணை எடுத்து, சுற்றி உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்து, “அக்கா தங்கச்சிமாரே” என்று சேர்த்துக்கொண்டே போயிருக்கிறாள். ஷெரினையும் பார்த்துத்தான் சொன்னாளாம்.

அன்று சாயங்காலம் ராஜபாளையத்துக்குத் திரும்பி வந்த பிள்ளை என்னிடம், “அம்மா, பெரியம்மா என்னைய கூப்பிட்டாங்க” என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். தமிழில் சொன்னாள்.

இங்கே திரும்பியதும், எனக்குத் தமிழ் வாசிக்கச் சொல்லிக்கொடு என்று அவளாகவே கேட்டாள். சனி, ஞாயிறுகளில் கல்லூரியிலிருந்து வந்து அடுப்படி மேசையில் உட்கார்ந்து எழுத்துக் கூட்டினாள். ‘ழ’ வந்தால் நாக்கு எங்கே போவதென்று தெரியாமல் தவிக்கும். ஒற்றைக்கொம்பையும் இரட்டைக்கொம்பையும் பார்த்து, “யாரும்மா இதைக் கண்டுபிடிச்சா?” என்று சண்டைக்கு வருவாள். எனக்கு அந்த மாதங்களில் காலே தரையில் பாவவில்லை. ஆண்டு விழா ஆராதனையில் தமிழ் வேதபாடத்தை நான் வாசிக்கிறேன் என்று அவளே சொன்னபோது, உண்மையிலேயே கண் கலங்கிவிட்டது. ஆங்கிலப் பாடத்தை வாசிக்க வேண்டியவர் என் வீட்டுக்காரர் செல்வின். அப்பா ஆங்கிலம், மகள் தமிழ். கமிட்டிக்கும் பெருமைதான். வாட்ஸாப்பில் எல்லாரும் கைகூப்பும் படம் போட்டார்கள்.

4

விழாவுக்கு முந்தைய நாள் கோயிலில் ஒத்திகை. செல்வின் முதலில் வாசித்தார். இந்த ஆங்கிலச் சபை வைத்திருக்கும் மொழிபெயர்ப்பில், தமிழில் ‘சகோதரரே’ என்று வருகிற இடத்தில் ‘பிரதர்ஸ் அண்ட் சிஸ்டர்ஸ்’ என்றுதான் இருக்கிறது. வாசித்துவிட்டு இறங்கினார். அடுத்து ஷெரின் ஏறினாள். எழுத்துக் கூட்டாமல், தடுக்காமல் வாசித்தாள். அச்சில் ‘சகோதரரே’ என்று இருந்த இடத்தில் ‘சகோதர சகோதரிகளே’ என்றாள்.

“நிறுத்தும்மா, நிறுத்து” என்று முன்வரிசையிலிருந்து சத்தம். எங்கள் கமிட்டித் தலைவர் சாமுவேல் அண்ணாச்சி. பாளையங்கோட்டைப் பக்கத்துக்காரர், ஓய்வு பெற்ற இன்ஜினியர். கெட்ட மனிதர் என்று சொல்ல மாட்டேன். செல்வினுக்கு வேலை போன சமயத்தில் எங்களைத் தாங்கியவர். அதனால்தான் அவரோடு சண்டை போடுவதும் கஷ்டமாக இருக்கிறது.

“சகோதரிகள் எங்க இருந்து வந்தாவ? புஸ்தகத்துல இல்லையே” என்றார்.

“அப்பா வாசிச்சதுல இருக்கே, அங்கிள்” என்றாள் ஷெரின்.

“அது இங்கிலீஷ். வெள்ளைக்காரன் காலத்துக்கு ஏத்த மாதிரி மாத்திக்கிடுவான். நம்ம வேதத்துல கூட்டவும் கூடாது, குறைக்கவும் கூடாது. அதோட, சகோதரரேன்னு சொன்னாலே சகோதரிகளும் அதுல அடக்கம்மா. உன்னைய யாரும் ஒதுக்கல.”

ஷெரின் வீட்டிலேயே தேடிப் படித்துவிட்டுத்தான் வந்திருந்தாள். மூல பாஷையில் அந்தச் சொல் ஆணையும் பெண்ணையும் சேர்த்தே கூப்பிடக்கூடியது என்று வேத அறிஞர்கள் பலர் சொல்கிறார்கள், அந்தச் சபைகளில் பெண்களும் இருந்தார்கள், அப்படியானால் நான் சேர்க்கவில்லை, விட்டுப்போனதை எடுத்து வைக்கிறேன் என்று பாதித் தமிழிலும் பாதி ஆங்கிலத்திலும் சொன்னாள். அண்ணாச்சி பொறுமையாகக் கேட்டார். கேட்டுவிட்டு, “இன்னைக்கு இதை மாத்துவோம். நாளைக்குப் பிதாவை மாத்தணும்னு ஒருத்தர் வருவாவ. எங்க போயி நிறுத்துறது?” என்றார்.

அந்தப் பயத்தை நான் ஒரேயடியாகக் கேலி செய்ய மாட்டேன். இந்த ஊரில் பிள்ளைகள் ஒவ்வொன்றாகக் கையை விட்டுப் போவதைப் பார்க்கும் மனிதருக்கு, மாறாத ஒன்று கையில் வேண்டியிருக்கிறது. ஆனால் அந்தப் பிள்ளைகளில் ஒருத்தி அதோ, தானாகத் திரும்பி வந்து மேடையில் நின்றுகொண்டிருக்கிறாளே, அது அவர் கண்ணில் படவில்லையே என்றுதான் எனக்கு ஆத்திரம். அவர் உயிராகக் காக்கும் அந்தத் தமிழும் ஒரு காலத்தில் பல மேசைகளில் அடித்தும் திருத்தியும் உண்டானதுதான். வானத்திலிருந்து அச்சாகி விழவில்லை.

நான் எழுந்து, “அண்ணாச்சி, அடக்கம்னா அதைச் சத்தமா சொல்றதுல என்ன நட்டம்?” என்றேன்.

“நட்டம் ஒண்ணுமில்ல தங்கச்சி. ஆனா தேவை இல்லல்லா?”

தேவையா இல்லையா என்பதையும் அவரேதான் சொல்கிறார். என் பக்கத்தில் இருந்த பெண்களைத் திரும்பிப் பார்த்தேன். ஒருத்தி வெங்காயத்தை எப்போது வெட்டத் தொடங்குவது என்று கேட்டாள். இன்னொருத்தி என் சேலையை இழுத்து, “நமக்கு எதுக்கு வம்பு, உக்காருங்க” என்றாள். மாதம் ஒருமுறை வருகிற போதகருக்குப் போன் போட்டார்கள். ஒற்றுமைதான் பெரியது, நீங்களே பேசி முடிவெடுங்கள் என்று அவர் நழுவிவிட்டார். முடிவு சாயங்காலத்துக்குள் சொல்லப்படும் என்று கமிட்டி எழுந்தது.

5

வீட்டுக்கு வந்ததும் அக்காவைக் கூப்பிட்டேன். எனக்குக் கைவசம் இருந்த ஒரே சாட்சி அவள்தான். வெள்ளைக்காரன் ஃபேஷன் என்கிறார்களே, கான்சாபுரத்தில் களை எடுக்கிற பெண்களுக்கு எந்த வெள்ளைக்காரன் வந்து சொல்லிக்கொடுத்தான்? அண்ணாச்சிக்கு இரண்டு வார்த்தை பேசி அனுப்பு என்று கேட்டேன்.

“ஏட்டி ரூபி, உனக்குக் கிறுக்குப் பிடிச்சிருக்கா?” என்றாள் அக்கா. “அச்சுல இருக்கதுல கை வைக்காத.”

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. “நீ வீட்டுக் கூட்டத்துல சேத்து வாசிக்கியே, அக்கா?”

“அது நான் கூப்பிடுதது. எதிர்ல உக்காந்திருக்கவளப் பாத்து, உனக்குந்தான்டின்னு சொல்லுதேன். புஸ்தகத்த மாத்தலையே.”

பிறகு ஒரு விஷயம் சொன்னாள். சில வருடங்களுக்கு முன் அவள் போகிற ஒரு சபையில் புது மொழிபெயர்ப்பைக் கொடுத்துப் பார்த்தார்களாம். எளிய தமிழ், நல்ல தமிழ். அங்கே பாக்கியம் என்று வயதான ஒரு பெண். கோயிலில் பாடம் வாசிக்கிறவள். அவளுக்கு எழுத்துத் தெரியாது என்பது அக்காவைத் தவிர யாருக்கும் தெரியாது. பாக்கியம் மட்டுமில்லை, அவள் வயதுப் பெண்கள் பலர் அப்படித்தான். கேட்டுக் கேட்டு அதிகாரம் அதிகாரமாக மனப்பாடம். புத்தகத்தை விரித்துப் பிடித்து, விரலை வரியில் ஓட்டிக்கொண்டே சொல்வார்கள். பார்க்கிறவர்களுக்கு வாசிப்பதாகத்தான் தெரியும்.

“அன்னைக்கு அவ வாசிக்க, கூட இருந்தவிய எல்லாம் புதுப் புஸ்தகத்தப் பாத்துக்கிட்டு இருக்காக. இவ சொல்லுதது ஒண்ணு, அதுல இருக்கது ஒண்ணு. நாலு பேரு திரும்பிப் பாக்காக. அவளுக்கு அடுத்த வரி வரல. புஸ்தகத்த மூடி வச்சிட்டு இறங்குனவதான், இன்னும் மேல ஏறல. பொறவு நாந்தான் போதகர்ட்ட போயி, பழசையே குடுங்கன்னு சண்ட போட்டேன். நீ என்னன்னா என்னையவே சாட்சிக்குக் கூப்பிடுத.”

அக்கா சொன்னதும் நியாயம்தான். அண்ணாச்சியின் முடிவும் அக்காவின் முடிவும் ஒன்று. ஆனால் அவர் புத்தகத்துக்காகப் பேசினார். இவள் பாக்கியத்துக்காகப் பேசினாள்.

“அப்ப ஷெரினுக்கு நான் என்ன சொல்ல?” என்றேன்.

“அவளுக்கு வாசிக்கத் தெரியும்லாட்டி. அவ பயப்பட வேண்டியதில்ல. சேத்தே வாசிக்கச் சொல்லு. யாருக்கும் ஒண்ணும் கொறஞ்சிராது. ஆனா எம் பேர இழுக்காத. நான் மாத்தி வாசிக்கேன்னு இங்க தெரிஞ்சா, வீட்டுக் கூட்டத்துக்குப் போகவேண்டாம்னு நிறுத்திருவாக. நான் போகலன்னா அந்தப் பொம்பளைகள்ட்ட யாரு போவா?”

அவள் பெயரை இங்கே மாற்றித்தான் எழுதியிருக்கிறேன். ஊரும் அந்த ஊர் இல்லை. பாருங்கள், ஆறுதலாக ஒரு சொல் சேர்த்துச் சொன்னதற்கு ஒருத்தி இப்படி ஒளிய வேண்டியிருக்கிறது. ஷெரினிடம் இதையெல்லாம் சொன்னேன். “பெரியம்மா சொல்றது புரியுதும்மா. ஆனா இந்த ஊர்ல பாக்கியம் யாரும்மா? இங்க எல்லாருக்கும் வாசிக்கத் தெரியுமே” என்றாள்.

6

சாயங்காலம் முடிவு வந்தது. கண்டுபிடித்தவர் என் வீட்டுக்காரர். சண்டை என்றாலே அவருக்கு ஆகாது. இரண்டு பேர் சத்தமாகப் பேசினால் ஜன்னலைச் சாத்துகிற ஆள். “ஷெரின் இங்கிலீஷ் வாசிக்கட்டும், நான் தமிழ் வாசிக்கேன். அவளுக்கு வேணுங்கிறது இங்கிலீஷ்ல ஏற்கெனவே இருக்குல்லா. யாரும் ஒண்ணும் மாத்த வேண்டாம்” என்றார். கமிட்டி மொத்தமும் அவரைப் பாராட்டியது. ஞானம் என்றார்கள். மறுபடியும் கைகூப்பும் படங்கள்.

ஷெரின் மறுக்கவில்லை. “ஓகே” என்றாள். அழுதிருந்தாலும் சண்டை போட்டிருந்தாலும் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும்.

மறுநாள் செல்வின் தமிழில் வாசித்தார். ‘சகோதரரே’ என்றார். எல்லாரும் பயபக்தியாகக் கேட்டார்கள். பிறகு அவள் போய் நின்று, ‘பிரதர்ஸ் அண்ட் சிஸ்டர்ஸ்’ என்று வாசித்தாள். சபையில் ஒரு முகம்கூடச் சுளிக்கவில்லை. அதே வேதம், அதே நிருபம், அதே இடம். சாமுவேல் அண்ணாச்சி தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டார். ஆராதனை முடிந்ததும் என்னிடம் வந்து, “எம்புட்டுத் தெளிவா வாசிக்கா உம் மக! பி.பி.சி.ல வாசிக்கலாம்” என்றார். மனதாரத்தான் சொன்னார். அதுதான் தாங்கவில்லை. மாதக்கணக்காக ‘ழ’வோடு மல்லுக்கட்டியவளை ஒரே நாளில் ஆங்கிலத்துக்குத் திருப்பி அனுப்பிவிட்டு, அவள் ஆங்கிலம் நன்றாக இருக்கிறது என்கிறார்கள். தமிழில் அவளுக்கு இடம் இல்லை என்று சொன்ன யாருக்கும் தாம் அப்படிச் சொன்னதே தெரியாது.

ஹாலில் பந்தி ஏற்பாடாகிக்கொண்டிருந்தது. மைக்கில் அண்ணாச்சியின் குரல் கேட்டது.

“சகோதரிகள் எல்லாரும் தயவுசெய்து கிச்சன் பக்கம் வாங்க. பரிமாற ஆள் பத்தல.”

தெளிவாக, தடங்கலில்லாமல், ‘சகோதரிகள்’ என்றார். கூடுதலாக ஒரு எழுத்து இல்லை, குறைவாகவும் இல்லை. நான் பிரியாணி அண்டா முன்னால் நின்றுகொண்டிருந்தேன். சிரிப்புத்தான் வந்தது. சுற்றிலும் ஷெரினைத் தேடினேன், காணோம். தட்டோடு வரிசை வாசல் வரை நீண்டுவிட்டது. ஆறு மணிக்குள் ஹாலைக் காலி செய்ய வேண்டும். வேலைக்கு ஆள் கிடையாது. ஏப்ரனைக் கழற்றாமல் அப்படியே வெளியே ஓடினேன்.

எதிரே பஸ் ஸ்டாப்பில் கோட்டு மாட்டிக்கொண்டு நின்றாள். லேசாகத் தூறிக்கொண்டிருந்தது.

“ஷெரின், உள்ள வா. எல்லாரும் இருக்காங்கல்ல. வா” என்றேன்.

அவள் என்னையும் ஏப்ரனையும் பார்த்தாள். கோபம் இல்லை. நான் சொல்லிக்கொடுத்த தமிழில், ஒரு எழுத்துக்கூடப் பிசகாமல் கேட்டாள்.

“எதுக்கும்மா கூப்பிடுத? சாப்பிடவா, பரிமாறவா?”

நான் பரிமாறத்தான் கூப்பிட வந்திருந்தேன்.